சுக்கான் பெனுவாவின் கையில்

ஒரு கிழமையாக மரியதாசன் மகளோடு பேசவில்லை.

போன ஞாயிறு பூசைக்குப் புறப்படும்போதுதான் அனோஜினியின் அறைக் கதவுக்குப் பின்னால் தொங்கிய கறுப்புச் சீருடை அவர் கண்ணில் பட்டது. பொத்தான் ஒவ்வொன்றிலும் ஒரு நங்கூரம். எட்டு மாதமாகச் சனிக்கிழமைகளில் "வேலை" என்று சொல்லிவிட்டு மகள் போய்வந்தது கனேடியக் கடற்படையின் பகுதிநேர அதிகாரிப் பயிற்சிக்கு என்பது அன்றுதான் வெளியே வந்தது. மனைவி றெஜினாவுக்கு அது முதல் நாளே தெரியும் என்பதும் கூடவே வந்தது.

நேவி! போர்க்காலத்தில் பன்னிரண்டு வருடம் குருநகர்க் கடலில் மீன்பிடித் தொழில் செய்தவர் மரியதாசன். தூரத்தில் அரசாங்க நேவியின் சாம்பல் நிறக் கப்பல் ஒன்று தெரிந்தால் வலையை அறுத்துவிட்டு எப்படிக் கரைக்கு ஓடவேண்டும் என்பது அவருக்குத் தெரியும். வீட்டில் அதைப் பற்றி அவர் அதிகம் பேசியதில்லை. பேசாமலே பிள்ளைக்கு விளங்கியிருக்கும் என்று நினைத்திருந்தார்.

வெள்ளிக்கிழமை பின்னேரம் றெஜினா நேரே விஷயத்துக்கு வந்தாள்.

"இஞ்சேருங்கோ, நாளைக்கு லஷீன் படகுத்துறையில படகுச் சோதினை. இருபத்திரண்டு பேரில நாலு பேரைத் தெரிஞ்சு வைச்சிருக்கினம். எங்கட பிள்ளையும் அதில ஒராள். நாளைக்கு அந்த நாலில ஒண்டைத்தான் எல்லாருக்கும் தலைமையா எடுப்பினம்."

"எனக்கேன் சொல்லுறாய்?"

"தாய் தேப்பன் வந்து பார்க்கலாமாம். எனக்கு நாளைக்கு லாசாலில வயோதிபர் இல்லத்து வேலை, லீவு தரமாட்டாங்கள். நீங்கள் ஒருக்காப் போய்ப் பாருங்கோ. பார்த்திட்டு வந்து என்னோட சண்டை பிடியுங்கோ. பார்க்காமல் பிடிக்காதேங்கோ."

அவர் தொலைக்காட்சியின் சத்தத்தைக் கூட்டினார்.

சனிக்கிழமை காலை, மாரிக்கால டயரை மாற்றப் போகிறேன் என்று தனக்குத்தானே சொல்லிக்கொண்டுதான் காரை எடுத்தார். டயர்க் கடை புவாண்ட்-கிளேரில், அவர் வேலைசெய்யும் கிடங்குக்குப் பக்கத்தில் இருந்தது. கார் லஷீன் படகுத்துறையில் போய் நின்றது.

மே மாதத்து வெயில் கண்ணுக்கு மட்டும்தான். ஏரியிலிருந்து வந்த காற்று இன்னும் பனிக்கட்டியை மறக்கவில்லை. பெற்றோர்கள் மடக்குக் கதிரைகளில் கம்பளியைப் போர்த்திக்கொண்டு இருந்தார்கள். மரியதாசன் அவர்களோடு சேரவில்லை. தொப்பியை நெற்றிவரை இழுத்துவிட்டு, துறையின் கடைசியில் ஓர் இரும்புத் தூணோரம் நின்றார். மகள் தன்னைக் காணக்கூடாது.

அங்கே அவருக்கு முன்பே ஒரு பெண்மணி நின்றார். ஐம்பதைத் தாண்டிய வயது, முழங்கால்வரை நீண்ட சாம்பல் நிற மழைக்கோட்டு, பின்னல் தொப்பி, கையில் கோப்பிக் குடுவை. யாரோ ஒரு மாணவனின் தாய் என்று நினைத்துக்கொண்டு மரியதாசன் "போன்ஜூர்" என்றார். அவரும் "போன்ஜூர்" சொல்லி, சற்றுத் தள்ளி நின்று இடம் கொடுத்தார்.

சோதனை எளிமையானது. ஒரு மரப் படகு, துடுப்புத் தண்டு வலிக்க ஆறு பேர், சுக்கானுக்கு ஒருவர், தலைமைக்கு ஒருவர். ஏரியில் ஒரு செம்மஞ்சள் பொம்மை மிதக்கிறது. தண்ணீரில் விழுந்த ஆள் என்று அதை வைத்துக்கொள்ளவேண்டும். போய், தூக்கி, இருபத்தைந்து நிமிடத்துக்குள் துறைக்குத் திரும்பவேண்டும். யாரை எந்த இடத்தில் இருத்துவது என்பது தலைமையின் முடிவு. ஆபத்துக்கு உதவ ஓர் இயந்திரப் படகு பின்னால் வரும். ஓர் இளம் அதிகாரி ஒலிபெருக்கியில் இதையெல்லாம் பிரெஞ்சிலும் ஆங்கிலத்திலும் சொல்லி முடித்தான்.

முதலாவதாகப் போனவன் எத்தியேன். நெடுவல், வெண்கலக் குரல். புறப்பட்ட நிமிடத்திலிருந்து திரும்பும்வரை அவன் வாய் மூடவில்லை. ஒருவன் களைத்தபோது அவனைத் தள்ளிவிட்டுத் தானே தண்டைப் பிடித்து வலித்தான். பத்தொன்பது நிமிடம். துறையே கைதட்டியது.

"நல்ல பெடியன்," என்று மரியதாசன் தமிழில் முணுமுணுத்தார்.

இரண்டாவது படகு இருபத்திரண்டு நிமிடம். மூன்றாவது அனோஜினியினுடையது.

ஆறு பேர் தண்டுகளில் அமர்ந்தார்கள். பிறகு அவள் கையைக் காட்டி ஒருவனைச் சுக்கானுக்கு அழைத்தாள். மெலிந்த, கண்ணாடி போட்ட இளைஞன். துறையில் நின்ற மாணவர்களிடையே ஒரு சலசலப்பு எழுந்தது.

"பெனுவாவா? ரெண்டு கிழமைக்கு முதல் இவன்தானே படகைக் கொண்டுவந்து இந்தத் துறையிலேயே இடித்தவன்!" என்று ஒருத்தி பிரெஞ்சில் சொன்னது மரியதாசனின் காதில் விழுந்தது.

இன்றைக்கா? இப்படிப்பட்ட நாளிலா?

அனோஜினி கத்தவில்லை. அவள் குரல் துறைவரை கேட்கவே இல்லை. ஆனால் ஆறு தண்டுகளும் ஒன்றாக எழுந்து ஒன்றாக விழுந்தன. அதில் அவருக்கே ஓர் ஆச்சரியம். படகு நேராகப் போய்ப் பொம்மையை அண்டியது. அங்கே படகின் முன்பகுதியான அணியத்தைத் திருப்பவேண்டும், காற்றோ மேற்கிலிருந்து குறுக்காக அடித்துக்கொண்டிருந்தது.

"கச்சான் காற்று," என்றார் மரியதாசன், தன்னை அறியாமல். "இப்ப திருப்பாதே. கொஞ்சம் பொறு. பொறு…"

பெனுவா பொறுக்கவில்லை, திருப்பினான். படகு காற்றுக்குப் பக்கவாட்டைக் கொடுத்துச் சரிந்தது. தண்டுகள் ஒன்றோடொன்று மாட்டிக்கொண்டன. ஓர் அலை விளிம்பைத் தாண்டி உள்ளே விழுந்தது. பெனுவா சுக்கான் பிடியை இரண்டு கையாலும் இறுக்கிக்கொண்டு அப்படியே உறைந்துபோனான். இயந்திரப் படகு வேகமெடுத்தது.

அணியத்தில் நின்ற அனோஜினி, தண்டு வலிப்பவர்களின் தோள்களைப் பிடித்துக்கொண்டு பின்னுக்கு வந்தாள்.

'வாங்கு பிள்ளை, சுக்கானை வாங்கு!' மரியதாசனின் கைகள் தாமாகவே முறுகின.

அவள் வாங்கவில்லை. பெனுவாவுக்குப் பக்கத்தில் அமர்ந்தாள். இரண்டு கைகளையும் தன் முழங்காலில் வைத்துக்கொண்டாள். இயந்திரப் படகைப் பார்த்து ஒரு தலையசைப்பு. அது வேகத்தைக் குறைத்தது. பிறகு பெனுவாவின் முகத்தைப் பார்த்து ஏதோ சொன்னாள். அவன் தலையாட்டினான். மறுபடியும் ஏதோ சொன்னாள். நேரம் போய்க்கொண்டிருந்தது.

மெல்ல, மிக மெல்ல, அணியம் காற்றுக்கு முகம் கொடுத்தது.

முதல் முயற்சியில் பொம்மை கை நழுவியது. இரண்டாவதில் தூக்கினார்கள். திரும்பி வரும்போது பெனுவா படகை இடிக்காமல், சத்தமில்லாமல் துறையோடு அணைத்தான். இறங்கும்போது அவன் முகத்தில் இருந்த வெளிச்சத்தை மரியதாசனும் கண்டார்தான்.

"இருபத்தேழு நிமிடம், பத்து வினாடி," என்றான் இளம் அதிகாரி. கைதட்டல் குறைவாகத்தான் வந்தது.

"உங்களுக்குக் கடல் தெரியும் போலிருக்கிறது," என்றார் பக்கத்தில் நின்ற பெண்மணி, பிரெஞ்சில். "காற்று திரும்புவதற்கு முன்பே உங்கள் தோள் திரும்பியது."

மரியதாசனுக்குப் பிரெஞ்சு கேட்டால் விளங்கும், பேசுவது கிடங்கில் கற்றது மட்டும். பெட்டி, பாரம், மேலே, கீழே, கவனம். எங்கே போனாலும் மற்றதையெல்லாம் மகள்தான் சொல்லுவாள். இன்று மகள் பக்கத்தில் இல்லை. இருக்கிற சொற்களை அவர் கூட்டிச் சேர்த்தார்.

"பன்னிரண்டு வருடம். மீன்."

"அப்படியென்றால் சொல்லுங்கள். இந்தப் படகு எப்படி?"

ஒரு கிழமைக் கோபம் நாவில் வந்து நின்றது.

"பிழை. அந்தப் பெடியனைச் சுக்கானில் வைத்தது பிழை. காற்று வரும், அவளுக்குத் தெரியவேண்டும். வந்த பிறகு வாங்கவேண்டும். வாங்கவில்லை. எட்டுப் பேர் படகில். நான் என்றால் அவளிடம் படகு கொடுக்கமாட்டேன்."

பெண்மணி கோப்பியை ஒரு வாய் குடித்தார். "ஒக்டோபரில் என்றால் அவள் வாங்கியிருப்பாள்," என்றார். "நேரத்துக்குத் துறைக்கும் வந்திருப்பாள். பெனுவா நாளைக்கே எங்களை விட்டுப் போயிருப்பான்."

எங்களை?

நாலாவது படகும் வந்து சேர்ந்ததும் பெண்மணி பின்னல் தொப்பியைக் கழற்றிக் கோட்டுப் பையில் வைத்தார். கோட்டின் பொத்தான்களை அவிழ்த்தார். உள்ளே கறுப்புச் சீருடை, கைகளில் தடித்த தங்கப் பட்டிகள். ஓடிவந்த இளம் அதிகாரி விறைப்பாக நின்று சலாம் வைத்தான்.

"கமாண்டர் லவுவா, மாணவர்கள் வாக்குச் சீட்டுக்குத் தயார்."

மரியதாசன் தொப்பியைக் கழற்றினார். ஒருவரைத் தெரிந்தெடுக்கப் போகிறவர் இவர்தான். இவரிடமா பெற்ற தகப்பனே மகளுக்குப் படகு கொடுக்கமாட்டேன் என்று சொன்னது?

காரில் ஏறிப் போய்விடலாம். யாருக்கும் தெரியாது. அந்த அம்மாவுக்குத் தான் யார் என்றுகூடத் தெரியாது. கார்த் திறப்பை எடுத்துக்கொண்டு கார்வரை போனார். கதவைத் திறந்தார். திறந்த கதவோடு கொஞ்ச நேரம் நின்றார். பிறகு அதைச் சாத்திவிட்டுத் துறையோரம் இருந்த படகுக் கழகக் கட்டடத்துக்குள் நுழைந்தார். வாசலில் நின்றவனிடம் "கமாண்டர்" என்ற ஒரே சொல்லைச் சொன்னார்.

சின்ன அறை. மேசையில் நாலு கோப்புகள். கமாண்டர் நிமிர்ந்து பார்த்தார்.

"நான் அப்பா," என்றார் மரியதாசன். "மூன்றாவது படகு. அனோஜினி."

"தெரியும்."

"தெரியுமா?"

"படகு சரிந்தபோது அங்கே எல்லாரும் படகைப் பார்த்தார்கள். நீங்கள் அவளை மட்டும் பார்த்தீர்கள். இருங்கள், மிஸ்யூ."

அவர் இருக்கவில்லை. தொப்பி கையில் கசங்கியது. சொற்கள் ஒவ்வொன்றாக வந்தன.

"என் ஊரில் நேவி என்றால் பயம். எனக்கு இந்தச் சட்டை பிடிக்காது. ஒரு கிழமை அவளோடு பேசவில்லை. வெளியே நான் சொன்னதில் அந்தக் கோபம் இருக்கிறது. அதனால் அவளுக்கு நட்டம் வரக்கூடாது."

கமாண்டர் பேனாவை வைத்தார். "அப்படியென்றால் படகைப் பற்றிச் சொன்னதைத் திரும்பப் பெறுகிறீர்களா?"

இங்கே ஒரு "ஓம்" போதும். மரியதாசனுக்கு அது நன்றாகவே தெரிந்தது. ஆனால் கடலைப் பற்றி அவர் யாருக்கும் பொய் சொன்னதில்லை.

"இல்லை. காற்றைப் பார்க்காதது பிழைதான். அவள் பின்னுக்கு வந்தாள், பாரம் பின்னுக்கு, அதுவும் பிழை. ஆனால்…" சொல் கிடைக்காமல் தடுமாறினார். "கடைசியில் அந்தப் பெடியன் துறையைத் தொட்ட விதம். அப்படி எனக்கு யாரும் பழக்கவில்லை. அடித்துத்தான் பழக்கினார்கள்."

கமாண்டர் லவுவா எழுந்து வந்து கை கொடுத்தார்.

"காற்றும் பாரமும். இரண்டையும் நான் குறித்திருக்கிறேன், அவளிடம் சொல்லவும் போகிறேன். நீங்களும் சொல்லுங்கள். இன்று இந்தத் துறையில் அவளுக்கு உண்மையைச் சொல்லக்கூடியவர்கள் நாம் இருவர்தான்."

பன்னிரண்டு மணிக்கு எல்லோரையும் மண்டபத்துக்குக் கூப்பிட்டார்கள். இருபத்திரண்டு பேரும் வரிசையில் நின்றார்கள். கடைசி வரிசைக் கதிரையில் போய் அமர்ந்த தகப்பனை அனோஜினி அப்போதுதான் கண்டாள். விறைத்து நின்றவளின் கண்கள் மட்டும் ஒருமுறை பெரிதாகின.

"படகோட்டத்தில் முதலாவது எத்தியேன்," என்றார் கமாண்டர். "அதில் சந்தேகம் இல்லை. ஆனால் எட்டு மாதம் நாங்கள் தேடியது ஒரு படகோட்டியை இல்லை. இன்று உங்கள் எல்லோரிடமும் ஒரே கேள்வி கேட்டோம். காற்று மாறிவிட்டது, வழி தெரியவில்லை, நீங்கள் பயந்துவிட்டீர்கள். அப்போது யாருடைய படகில் இருக்க விரும்புவீர்கள்? சொந்தப் பெயரை எழுதக்கூடாது. இருபத்திரண்டு சீட்டில் பதினைந்தில் ஒரே பெயர்."

கமாண்டர் கையிலிருந்த தாளைப் பார்த்தார்.

"எங்கள் தெரிவும் அதுதான். மாணவ அதிகாரி அனோஜினி மரியதாசன்."

பெயரை அவர் உச்சரித்த விதத்தில் பாதி எழுத்துகள் உடைந்துபோயின. மரியதாசனுக்கு அது முழுதாகவே கேட்டது. முதலில் கைதட்டியவன் எத்தியேன். பெனுவா கண்ணாடியைக் கழற்றித் துடைத்துக்கொண்டிருந்தான்.

காரில் ஏறியதும் பேச்சை மகள்தான் தொடங்கினாள். ஒரு கிழமைப் பழக்கம் லேசில் விடாதல்லவா?

"எப்ப வந்தனீங்கள் அப்பா?"

"முதல் படகில இருந்து நிண்டனான்." கண்ணாடியைச் சரிசெய்வதுபோலப் பாவனை செய்தார். "பிள்ளை, நீ திருப்பேக்க காற்றைப் பார்க்கேல்லை."

"ஓம். பார்க்கேல்லை."

"பாரமும் பின்னுக்கு."

"கமாண்டரும் இப்பதான் சொன்னவா." அவள் சிரித்தாள். "ரெண்டு பேரும் சேர்ந்து கதைச்சனீங்களோ?"

"கதைச்சனாங்கள்."

"பிரெஞ்சிலயோ? ஆர் சொல்லித் தந்தது?"

"ஒருத்தரும் தரேல்லை. நானேதான் கதைச்சனான்."

அனோஜினி திரும்பித் தகப்பனைப் பார்த்தாள். அந்தப் பார்வையில் ஏதோ ஒன்று இளகியது.

"அப்பா, ஒக்டோபரில என்னைப் பற்றி அவ என்ன எழுதினவா தெரியுமோ? 'எல்லா வேலையையும் தானே செய்கிறாள். இவளுக்குக் கீழே யாரும் வளரமாட்டார்கள்' எண்டு. எனக்கு அழுகை வந்திட்டுது. கூப்பிட்டு ஏன் இப்பிடி எண்டு கேட்டவா. நான் சொன்னன், ஒம்பது வயசில இருந்து வீட்டுக்கு வாற கடிதம், ஆஸ்பத்திரி, வங்கி, எல்லாம் நான்தான் கதைக்கிறனான். நான் செய்யாட்டி நடக்காது எண்டு."

மரியதாசனுக்கு வலித்தது. ஆனால் பொய் ஒன்றும் இல்லையே.

"அதுக்குப் பிறகு ரெண்டு மாசம் அவ எனக்கு ஒரு வேலையும் தரேல்லை. கட்டுற முடிச்சுக்கூட மற்றவைதான் கட்டவேணும். நான் பக்கத்தில இருந்து பார்க்கவேணும், கேட்டால் சொல்லவேணும். கையைத் தொடைக்குக் கீழ வைச்சுக்கொண்டு இருப்பன் அப்பா. அவ்வளவு கஷ்டமா இருந்தது."

"இண்டைக்கும் கஷ்டமோ?"

"இண்டைக்குத்தான் ஆகலும் கஷ்டம். பெனுவாவை ஒருத்தரும் சுக்கானுக்கு விடமாட்டினம். இண்டைக்கும் விடாட்டி அவன் இனி அதைத் தொடமாட்டான். படகு உள்ள தண்ணி எடுக்கேக்க எனக்கும் பயம்தான். இன்னொரு அலை வந்திருந்தால் வாங்கியிருப்பன். அந்த ஒரு அலைக்கு மட்டும் பொறுத்தனான்."

இந்தக் கணக்கை மரியதாசன் யோசித்திருக்கவில்லை. பன்னிரண்டு வருடத்தில் ஒரு நாளும் அவர் இப்படிப் பொறுத்ததில்லை. மகளைப் பார்த்தார். நனைந்த தலை, கையில் தண்டு உரசிய கீறல், நேரான முதுகு. அந்தக் கறுப்புச் சட்டை இன்னும் அவருக்குப் பிடிக்கவில்லை. ஆனால் அதற்குள் இருந்தவளை நினைக்க நெஞ்சு விம்மியது.

"கெட்டிக்காரி," என்றார்.

அனோஜினி ஈரத் தலையைத் துடைத்துக்கொண்டாள்.

"அப்பா, இன்னும் ஒண்டு இருக்கு. தலைமையா எடுக்கிற ஆளுக்குக் கப்பலில ஒரு இடம் குடுப்பினம். கோடைக்கு மேற்குக் கரையில பயிற்சி. பேந்து செப்டெம்பரில கடல் தாண்டிப் போற கப்பல். துறைமுகப் பட்டியலை இண்டைக்குத்தான் காட்டினவை."

"எங்கையெங்கை?"

"ஜப்பான். சிங்கப்பூர்." ஒரு கணம் நிறுத்தினாள். "பேந்து கொழும்பு. நாலு நாள்."

மரியதாசன் காரை ஓரமாக நிறுத்தினார். பின்னால் வந்தவன் ஹோர்ன் அடித்துக்கொண்டு தாண்டிப் போனான்.

"இந்தச் சீருடையோடயோ?"

"ஓம், அப்பா. வேண்டாமெண்டால் வெள்ளிக்கிழமைக்கு முதல் சொல்லலாமாம். அந்த இடம் எத்தியேனுக்குப் போகும்." அவள் குரல் தாழ்ந்தது. "எனக்குப் போக விருப்பம். அம்மாவுக்கு இன்னும் தெரியாது."

அவர் வாய் திறக்குமுன் கைத்தொலைபேசி அடித்தது. றெஜினா. வேலையிடத்து இடைவேளை நேரம்.

"சொல்லுங்கோ! என்ன மாதிரி? போனனீங்களோ?"

"போனனான். எடுத்திட்டினம். எங்கட பிள்ளைதான்."

மறுமுனையில் ஒரு கூச்சல். பிறகு அழுகையும் சிரிப்புமாக ஏதோ. "மாதாவே! நான் சொன்னன்தானே, நான் சொன்னன்தானே! இனிக் கோவிக்காதேங்கோ. அந்த நேவிக் கப்பல் இந்தக் கனடாக் கரையைத்தானே சுத்தப் போகுது. எங்கட பக்கம் ஒரு நாளும் போகாது. அது தெரிஞ்சுதான் நான் ஓம் எண்டே சொன்னனான். இல்லாட்டி பெத்த பிள்ளையை அந்தக் கரைக்கு விடுவனோ நான்?"

அனோஜினிக்கு ஒவ்வொரு சொல்லும் கேட்டது. அவள் தகப்பனையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

ஒரு "ஓம்" சொன்னால் இந்த மத்தியானம் மூன்று பேருக்கும் சந்தோஷமாகக் கழியும்.

மரியதாசன் காரின் இயந்திரத்தை நிறுத்தினார். தொலைபேசியை மற்றக் காதுக்கு மாற்றினார்.

"றெஜினா, பக்கத்தில ஆரும் நிக்கினமோ? கொஞ்சம் வெளியால வா. நான் ஒண்டு சொல்லவேணும்."